பச்சை அட்டை நூலின் தேதித்தாள்

எங்கள் வட்டார நூலகத்திற்கு இரவல் பதியும் இயந்திரம் வந்துவிட்டது. வாசகர் நூலைத் தட்டின்மீது வைத்தால் அது தானே பதிந்துகொண்டு, திருப்ப வேண்டிய தேதியைச் சிறு சீட்டொன்றில் அச்சிட்டுத் தருகிறது. ஆகவே நூல்களின் கடைசிப் பக்கத்தில் நாங்கள் ஒட்டி, முத்திரை குத்திவந்த தேதித்தாள் இனித் தேவையில்லை என்று முடிவாகி, ஒவ்வொன்றாகக் கிழித்தெடுத்து வருகிறார்கள். பணியிலிருந்து ஓய்வுபெற்ற பின்னும் மாதந்தோறும் நான் இரவல் பெறும் பச்சை அட்டை நூலொன்றில் மட்டும் அத்தாளைக் கிழிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். இப்போதைய பொறுப்பாளர் திருமதி ஷர்மினி சிங்கப்பூரில் பிறந்தவர், என்மேல் மதிப்புள்ளவர். தொலைபேசியில் அழைத்தார்.

"என்ன அங்கிள், ஒரு புக்குக்காக ரூலையே மாத்தச் சொல்றீங்க? அதுவும் நூறு வருஷத்துப் பழைய அமெரிக்கக் கதை. மாசா மாசம் அதையே எடுக்கிறீங்கன்னு ஸ்டாஃப் எல்லாம் சிரிக்கிறாங்க. அப்படி என்னதான் இருக்கு அதுல?"

"எழுதித் தாறன், பிள்ளை. வாயால சொல்லேலாது" என்றேன். அதன் பொருட்டே இக்கட்டுரை.

நான் யாழ்ப்பாணத்தில் பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவன். நாற்பதாவது வயதில் அகதியாக இலண்டன் வந்து, பெற்றோல் நிலையத்திலும் பண்டகசாலையிலும் உழைத்தபின், கவுன்சில் நூலகத்தின் நிலவறைப் பணியாளனானேன். ஆங்கில உரைநடையை அகராதியோடு அமர்ந்து நானே கற்றேன். நூலகத்தார் தந்த பயிற்சி இரண்டு வாரம். அதற்கு முன்னரே நான் வேறொரு பயிற்சி பெற்றிருந்தேன். ஊரில் சோதனைச் சாவடிகளைக் கடந்து திரிந்தவனுக்கு எதிரே நிற்பவர் எதை மறைக்கிறார் என்று பார்ப்பது பழகிவிடும். அப்பழக்கத்தை நான் நிலவறைக்குள்ளும் எடுத்துச் சென்றேன்.

நிலவறையின் நடைமுறை இது. மேல்தளத்து அலுமாரிகளில் இடமில்லாத பழைய நூல்கள் கீழே இருந்தன. வாசகர் ஒரு சீட்டில் நூலின் பெயரையும் தம் பெயரையும் எழுதித் தருவார். நான் கீழே சென்று நூலை எடுத்து, அது இருந்த இடத்தில் ஒரு மரக்கட்டையைச் செருகி, சீட்டை அக்கட்டையில் கவ்வ வைப்பேன். நூல் திரும்பியதும் கட்டை வெளியே வரும். மாதத்தின் முதல் நாளில் கணினி ஒரு பட்டியலை அச்சிடும். ஐந்து ஆண்டுகளாக எவரும் இரவல் பெறாத நூல்களின் பட்டியல் அது. பட்டியலில் உள்ளதை நான் எடுத்து வந்தால், 'நீக்கப்பட்டது' என்ற முத்திரை குத்தி வண்டியில் ஏற்றிவிடுவார்கள். இடத்தில் நூல் இல்லையெனில் 'காணவில்லை' என்று குறித்து, மூன்று மாதம் தேட வேண்டும். நூலகத்துக்குள்ளேயே இருந்து வாசித்தால் அது இரவலாகக் கணக்கில் வராது. இதனை வாசிப்பவர் மனத்திற் கொள்ளவேண்டும்.

எனக்கு மேலிருந்தவர் திருமதி விட்கோம். உயரமான, ஒல்லியான ஆங்கிலப் பெண்மணி. நிலவறைக்குள் பேனா கொண்டுவரக் கூடாது என்பது அவர் கட்டளை. கடினமான பென்சில் ஒன்று எப்போதும் அவர் கொண்டையில் குத்தியிருக்கும். நூலை எடுக்கும்போது முதுகின் மேல்நுனியைப் பற்றி இழுக்கவிடமாட்டார். இருபுறத்து நூல்களையும் விரலால் பின்னே தள்ளி, நடுவிலுள்ளதை இடுப்பில் பிடித்து எடுக்க வேண்டும். "காதைப் பிடித்துத் தூக்கினால் பூனைக்கு வலிக்காதா, மிஸ்டர் பொன்?" என்பார். பொன்னம்பலம் என்ற என் பெயரை முதல் நாளே அப்படி வெட்டிக்கொண்டார். எதற்கும் இல்லை என்று சொல்லமாட்டார். "வியாழக்கிழமை பார்ப்போம்" என்பார். வியாழன் வந்ததும் உண்மையிலேயே பார்ப்பார். ஒன்பது ஆண்டுகளில் ஒருமுறையேனும் என் குடும்பத்தைப் பற்றிக் கேட்டதில்லை. என்னிடமிருந்து ஓர் எட்டுத் தள்ளியே நின்றார். அதை நான் அவமதிப்பென்று மனத்தில் குறித்துவைத்தேன்.

இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்து நாலைந்து ஆண்டுகள் கழிந்திருந்த காலம். நிலவறையின் கடைசி வரிசையில், காலஞ்சென்ற ஆசிரியை ஒருவர் நன்கொடையாக விட்டுச்சென்ற பதினொரு அமெரிக்கக் கதைநூல்கள் இருந்தன. எல்லாம் நூறாண்டுப் பழமையுடையவை. அவ்வாண்டு அவை ஒவ்வொன்றாகப் பட்டியலில் வரத் தொடங்கின. வந்தவை ஒவ்வொன்றாக இடத்திலிருந்து மறைந்தன. கட்டையும் இல்லை, சீட்டும் இல்லை, இடைவெளி மட்டும் இருந்தது. ஒன்றைத் தோட்டக்கலை நூல்களின் பின்வரிசையில் கண்டெடுத்தேன். மற்றொன்று இரயில்வே கால அட்டவணைகளுக்குள் கிடந்தது. ஆளைப் பிடிக்கும்வரை அவற்றை வண்டிக்கு அனுப்பாமல் பழைய இடத்திலேயே திருப்பி வைத்தேன். நூல் திருடுவோரின் முறையை நான் அறிவேன். முதலில் வேறிடத்தில் ஒளித்துவைப்பார்கள். எவரும் தேடவில்லை என்று உறுதியானபின் சட்டைக்குள் செருகுவார்கள்.

எதற்காக இவற்றை ஒருவர் குறிவைக்க வேண்டும் என்று அறிய, மதிய உணவு வேளைகளில் நானே அவற்றை வாசிக்கலானேன். ஒன்றில் இரு மாலுமிகள். மற்றொன்றில் அச்சகத் தொழிலாளி ஒருவனும் செல்வந்தரின் மகனும். ஒன்றை எழுதியவர் புனைபெயரில் ஒளிந்து, கடல் கடந்து தம் செலவில் அச்சிட்டிருந்தார். ஆசிரியர்கள் 'நண்பன்' என்றே எழுதினார்கள். ஆயினும் அந்த நண்பன் ஊருக்குப் புறப்படும்போது மற்றவன் மூன்று பக்கம் நோயுற்றுக் கிடந்தான். பெண்களின் கதைகளில் 'தோழி' வந்தாள். தோழிக்குத் திருமணம் நிச்சயமானதும் மற்றவள் தையல் ஊசியைக் கையில் ஏற்றிக்கொண்டாள். ஆணை ஆணும் பெண்ணைப் பெண்ணும் நேசித்த கதைகள் இவை என்று எனக்கு விளங்கச் சில வாரங்கள் சென்றன. ஒவ்வொரு வாக்கியமும் பின்னால் எவரோ வருகிறார்களா என்று திரும்பிப் பார்த்தபடி நடந்தது. அந்நடை எனக்குப் பழக்கமானது. கடைசி அத்தியாயத்தில் காய்ச்சலிலோ கப்பல் உடைந்தோ குதிரையிலிருந்து விழுந்தோ இருவரில் ஒருவர் இறந்தாக வேண்டும் என்பதையும் கண்டுகொண்டேன்.

பச்சை அட்டை நூல் ஒன்றே விலக்கு. கடலோரச் சிற்றூரில் பள்ளி நடத்தும் இரு பெண்கள். முடிவில் இருவரும் நரைத்து, ஒரே மேசையில் தேநீர் அருந்துகிறார்கள். எவரும் இறக்கவில்லை. கடைசித் தாள்களை எவரோ கிழித்துவிட்டார்கள் என்று ஐயுற்று, தையலைப் பிரித்துப் பார்க்காத குறையாகத் தாள்களை எண்ணினேன். எல்லாம் இருந்தன.

இந்நூல்களைச் சீட்டெழுதிக் கேட்பவர் ஒருவரே. இராசநாயகம் என்று பெயர், எங்கள் ஊர்ப் பக்கத்தவர், ஐம்பது வயதிருக்கும். மாணவராக வந்து இங்கேயே தங்கி, தபால் பிரிக்கும் நிலையத்தில் வேலை செய்தார். ஃபாரஸ்ட் கேட் பகுதியில் செல்வராஜ் என்ற மலேசியத் தமிழரோடு இருபது ஆண்டுகளாக ஒரே வீட்டில் இருந்தார். வாடகையைப் பகிரும் நண்பர் என்று எங்கள் சமூகத்தில் எல்லோரும் சொன்னோம். அதற்கப்பால் எவரும் கேட்டதில்லை. சனிக்கிழமை தோறும் இராசநாயகம், அறையைச் சூடாக்கும் வெந்நீர்க் குழாயருகே அமர்ந்து வாசிப்பார். நான் கடந்து போனால் நூலின்மேல் தமிழ் வாரப்பத்திரிகையை விரித்துவிடுவார்.

"என்ன தம்பி, இண்டைக்கும் அமெரிக்காவோ?" என்று ஒருநாள் கேட்டேன்.

"ஓம் அண்ணை. விசா கேக்காத அமெரிக்கா இது ஒண்டுதானே."

"வீட்டை கொண்டுபோய் ஆறுதலா வாசிக்கலாமே. ஏன் இந்தக் கதிரையில கிடந்து கஷ்டப்படுறீர்?"

"புத்தகத்துக்கு வீட்டில இடமிருக்கு அண்ணை. உங்கட கொம்ப்யூட்டரில என்ர பேருக்குத்தான் இடம் வேண்டாம்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நான் அச்சிரிப்பை நம்பவில்லை. பதிவை அஞ்சுபவர் எதற்கு அஞ்சுகிறார்? ஒளித்து வாசிப்பவர் ஒளித்தும் வைப்பார் என்று முடிவு கட்டினேன்.

முறைப்படி நான் திருமதி விட்கோமுக்கு எழுதியிருக்க வேண்டும். எழுதினால் பாதுகாவலர், பொலிஸ் என்று விடயம் நீளும். நம்மவர் ஒருவரை வெள்ளையரிடம் காட்டிக்கொடுத்ததாக முடியும். எங்கள் ஆட்களிடையே வேறொரு வழி உண்டு. ஒருவன் தவறினால் அவனிடம் கேட்பதில்லை. அவன் வீட்டுப் பெரியவரிடம் ஒரு சொல் சொல்லிவைப்பது. அது மரியாதை என்று நாங்கள் நம்புகிறோம். நானும் நம்பினேன். இராசநாயகத்தின் அக்காவை மணந்த குலசிங்கம் பார்க்கிங் என்ற பக்கத்துப் பகுதியில் மரக்கறிக் கடை வைத்திருந்தார். கோயிலில் எனக்குப் பழக்கமானவர். பஸ் ஏறிப் போனேன்.

"குலம், உம்மட மச்சானைப் பற்றி ஒரு கதை" என்றேன்.

"ஏன் பொன்னண்ணை, கோயிலில திருப்பியும் ஆற்றையோ செருப்பை மாத்திப் போட்டிட்டானோ?"

"அப்பிடியில்லை. லைப்ரரியில புத்தகங்களை இடம் மாத்தி ஒளிக்கிறார் போல கிடக்கு. நான் மேல எழுதினால் பெரிய பிரச்சினையாப் போகும். நீர் ஒரு சொல்லுச் சொல்லிவிட்டால் காணும்."

"புத்தகமோ? பள்ளிக்கூடத்தில புத்தகத்தைக் கண்டால் மதில் பாயிறவன் அவன். என்ன புத்தகம்?"

"பழைய அமெரிக்கக் கதையள்."

"என்ன கதை?"

அவ்விடத்தில் நான் நிறுத்தியிருக்கலாம். ஒரு வாசகர் எதை வாசிக்கிறார் என்பதை வெளியே சொல்லலாகாது என்பது எங்கள் தொழிலின் முதல் விதி. பயிற்சியின் முதல் நாளே கையொப்பமிட்டு ஏற்றிருந்தேன். ஆனால் கேட்டவர் வீட்டுப் பெரியவர்.

"ஆம்பிளையை ஆம்பிளை விரும்புற கதையள். பொம்பிளையளும் அப்பிடி."

அப்போது கடையில் ஒரு பெண் வெண்டிக்காய் நுனிகளை ஒவ்வொன்றாக முறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். வேறு நாளென்றால் குலசிங்கம் சத்தம் போட்டிருப்பார். அன்று அவர் அதைப் பார்த்தபடியே நின்றார்.

"மாசியில மகள் அபிராமிக்குக் கலியாணம், அண்ணை. பொம்பிளையை மணவறைக்குக் கூட்டிவாற தாய்மாமன் அவன்."

"அதுக்கென்ன?"

"அதுக்கு ஒண்டுமில்லை" என்றார். ஒரு பை நிறைய வெண்டிக்காயை என் கையில் திணித்து அனுப்பினார்.

அடுத்த சனிக்கிழமை இராசநாயகம் வந்தார். அமரவில்லை, சீட்டும் எழுதவில்லை. மேற்சட்டையைக் கழற்றாமலே என் மேசைக்கு முன் நின்றார்.

"அத்தான் வீட்டை வந்தவர். முதல் தடவையா மேல் மாடிக்கு ஏறி, எத்தினை கட்டில் கிடக்கெண்டு பாத்திட்டுப் போனவர்."

நான் மேசையிலிருந்த சீட்டுகளை அடுக்கினேன்.

"அபிராமிக்கு மூண்டு வயசில இருந்து நான்தான் நீச்சலுக்குக் கூட்டிக்கொண்டு போனனான். இப்ப கலியாணத்துக்கு வரவேண்டாமாம். காய்ச்சல் எண்டு சொல்லட்டாம். கதையளில வாற காய்ச்சல் மாதிரி."

"தம்பி, புத்தகம் ஒளிச்ச விசயத்தைத்தான் நான்..."

"நான் ஒண்டையும் ஒளிக்கேல்லை அண்ணை. வாசிச்சனான்." அவர் குரலை உயர்த்தவில்லை. "உங்களுக்கு மூண்டடி தூரத்தில இந்தக் கதிரையில இருந்தனான். என்னட்டைக் கேக்காமல் பார்க்கிங் மட்டும் பஸ் பிடிச்சுப் போயிருக்கிறியள்."

போய்விட்டார். பிடிபட்டவர் இப்படித்தான் பேசுவார் என்று அன்று மாலை வரை எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அதன்பின் மூன்று சனிக்கிழமைகள் அவர் வரவில்லை. நான்காவது வாரம் பச்சை அட்டை நூல் பட்டியலில் வந்தது. செவ்வாய் மாலை நான் கதவைப் பூட்டியபோது அது இடத்தில் இருந்ததைக் கண்ணாற் கண்டேன். புதன்கிழமை நூலகத்துக்கு விடுமுறை. வியாழன் காலை நான் கதவைத் திறந்தபோது அங்கே இடைவெளிதான் இருந்தது. பூட்டிய கட்டடத்துக்குள் எந்த வாசகர் வர இயலும்?

நூலைத் தேடி, கப்பற் பதிவேடுகளின் பின்னாலிருந்து எடுத்து, பழைய இடத்திலேயே வைத்தேன். அடுத்த புதன்கிழமை, என் விடுமுறை நாளில், என்னிடமிருந்த திறப்பால் கதவைத் திறந்து உள்ளே சென்று, கடைசி வரிசைக்கு அப்பால் நின்றேன். பத்து மணியளவில் மின்விளக்கு எரிந்தது. திருமதி விட்கோம் உருளும் முக்காலியைக் காலால் தள்ளிக்கொண்டு வந்தார். இருபுறத்து நூல்களையும் விரலால் பின்னே தள்ளி, பச்சை அட்டை நூலை இடுப்பில் பிடித்து எடுத்தார்.

"திருமதி விட்கோம்" என்றேன்.

அவர் திரும்பவில்லை. "இன்று உங்களுக்கு விடுமுறை, மிஸ்டர் பொன்" என்றார். பின்னர் முக்காலியின்மீது அமர்ந்தார். நூல் மடியிலிருந்தது. "காணாமற்போன நூலை நீக்க முடியாது. ஒவ்வொரு மூன்று மாதத்துக்கும் ஓர் இடம். நீங்கள் கண்டுபிடித்துக்கொண்டே இருக்கிறீர்கள். இவ்வளவு நல்ல பணியாளர் எனக்கு வாய்த்திருக்க வேண்டாம்."

நூலொன்றை நீக்காமல் வைத்திருக்க மஞ்சள் படிவம் ஒன்று உண்டு. காரணத்தையும் பெயரையும் எழுதிக் கொடுத்தால் போதும். அதை ஏன் நிரப்பவில்லை என்று கேட்டேன்.

"ஒருமுறை நிரப்பினேன். இத்தகைய உறவுகளைக் கவுன்சில்கள் ஊக்குவிக்கக் கூடாதென்று சட்டம் வந்த புதிது. பதினொரு படிவங்கள். ஒரு கவுன்சிலர் என்னை அழைத்தார். நூல்களைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. இவற்றில் உங்களுக்கு என்ன அக்கறை, மிஸ் விட்கோம் என்று கேட்டார். என் தாயார் அப்போது உயிரோடிருந்தார். அதன்பின் 'திருமதி' என்று போட்டுக்கொள்கிறேன், படிவம் நிரப்புவதில்லை."

"அந்தச் சட்டம் இப்போது நீங்கிவிட்டதே."

"சட்டம் நீங்கிவிட்டது. கேள்வி இருக்கிறது." கொண்டையிலிருந்து பென்சிலை எடுத்து, பார்த்து, மீண்டும் குத்திக்கொண்டார். "நெற்றியில் திருநீற்றோடு நீங்கள் வந்த முதல் நாளிலிருந்து, முறைப்பாடு எழுதப்போகிறவர் நீங்கள்தான் என்று எண்ணியிருந்தேன். எழுதினீர்களா?"

"உங்களுக்கு எழுதவில்லை" என்றேன். எங்கே சொன்னேன் என்பதையும் சொன்னேன். அவர் நூலை எடுத்துக்கொண்டு எழுந்தார். "வியாழக்கிழமை பார்ப்போம்" என்று அன்று அவர் சொல்லவில்லை.

அங்கிருந்து நேரே பார்க்கிங் சென்றேன். குலசிங்கம் கடையில் தனியே நின்றார்.

"குலம், நான் பிழை விட்டிட்டன். ஒளிச்சது உம்மட மச்சான் இல்லை. ஆரெண்டு கண்டுபிடிச்சாச்சு. எங்கட ஸ்டாஃபில ஒராள்."

"அப்பிடியோ? நல்லது அண்ணை."

"அவரைக் கலியாணத்துக்குக் கூப்பிடும்."

குலசிங்கம் தராசுத் தட்டைத் துணியால் துடைத்தார். "ஒளிச்சது அவனில்லை. சரி. வாசிச்சது அவன்தானே?"

அப்போதுதான் நான் செய்ததன் அளவு எனக்கு முழுமையாகத் தெரிந்தது. களவுக் குற்றத்தை என்னால் திரும்பப் பெற முடிந்தது. வாசிப்பைத் திரும்பப் பெற வழியில்லை.

"நானும் வாசிச்சனான்" என்றேன். "பதினொண்டும். சிலதை இரண்டு தரம்."

அவர் துடைப்பதை நிறுத்தினார். என் நெற்றியைப் பார்த்தார். மனைவியை இழந்தபின் நான் தனியே வாழ்வதை எண்ணிப் பார்த்திருக்கக்கூடும்.

"நீங்களுமோ?"

கடமைக்காக வாசித்தேன் என்று சொல்ல நாக்கு எழுந்தது. அதைச் சொன்னால் இராசநாயகம் மறுபடியும் தனியே நிற்பார். "ஓம்" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அழைப்பிதழ் முன்னரே வந்திருந்தமையால் திருமணத்துக்குச் சென்றேன். மணப்பெண்ணைச் சவுத்தாலிலிருந்து வந்த ஒன்றுவிட்ட மாமன் ஒருவர் மணவறைக்கு அழைத்து வந்தார். அபிராமி நடந்து வருகையில் இருமுறை வாசலைத் திரும்பிப் பார்த்தாள். இராசநாயகத்துக்குக் காய்ச்சல் என்று கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லப்பட்டது. விருந்தில் எனக்கு இருபுறமும் இருந்த கதிரைகள் கடைசிவரை வெறுமையாகவே கிடந்தன.

இராசநாயகத்துக்கு, ஃபாரஸ்ட் கேட் முகவரிக்கு ஒரு கடிதம் எழுதினேன். பதில் வரவில்லை; வர வேண்டுமென்று எதிர்பார்க்க எனக்கு உரிமையுமில்லை.

திருமதி விட்கோம் மறு ஆண்டு ஓய்வுபெற்றார். அதன்பின் அப்பதினொரு நூல்களையும் எவரும் ஒளிக்க வேண்டியிருக்கவில்லை. ஆண்டுக்கொருமுறை ஒவ்வொன்றையும் என் அட்டையில், என் முழுப்பெயரில் இரவல் பெற்றேன். பச்சை அட்டை நூலை மட்டும் மாதந்தோறும் பெற்றேன். அதற்கொரு காரணம் உண்டு. நிலவறை நூலொன்று ஓராண்டில் பலமுறை இரவல் போனால் அதை மேல்தளத்துத் திறந்த அலுமாரிக்கு மாற்றுவார்கள். அங்கே சீட்டெழுத வேண்டியதில்லை. என் கையால் வாங்க வேண்டியதுமில்லை. பதினான்காம் மாதம் அது மேலே போயிற்று.

நான் ஓய்வுபெற மூன்று வாரம் இருக்கையில், திரும்பி வந்த நூல்களை அடுக்கிக்கொண்டிருந்தேன். பச்சை அட்டை நூலும் அவற்றினிடையே இருந்தது. அதை நான் எடுத்திருக்கவில்லை. தேதித்தாளில் என் முத்திரைகளுக்குக் கீழே புதிதாக ஒரு முத்திரை. எவரோ தம் அட்டையைக் கொடுத்து, தம் பெயரைப் பதிந்து, இதை வீட்டுக்குக் கொண்டுபோயிருந்தார்கள்.

கணினி எதிரே இருந்தது. நூலின் எண்ணை அடித்து ஒரு விசையை அழுத்தினால் கடைசியாகப் பெற்றவரின் பெயர் வரும். எண்ணை அடித்துவிட்டேன். விரல் விசையின்மேல் இருந்தது. நான் இவ்வளவு காலமும் செய்துவந்த தொழிலும், அதற்கு முன் சோதனைச் சாவடிகளில் கற்றிருந்த தொழிலும் அழுத்து என்றன. அடித்த எண்ணை அழித்துவிட்டு, நூலை மேலே கொண்டுபோய் வைத்தேன்.

இப்போது அத்தாளில் என்னுடையவை அல்லாத முத்திரைகள் நான்கு உள்ளன. இராசநாயகமாக இருக்கலாம், முன்பின் அறியாத எவரோவாகவும் இருக்கலாம். எனக்குத் தெரியாது. தெரியாமலிருப்பது எனக்கு எளிதாக இல்லை. ஷர்மினி, உங்கள் மேசையிலும் அந்த விசை இருக்கிறது. தாளை விட்டுவையுங்கள். பெயரைப் பார்க்க வேண்டாம்.